வாரன் ஸ்பான்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வாரன் ஸ்பான் யார்?

அமெரிக்க பேஸ்பாலில் பந்தெறிபவரை பிட்ச்சர் என்பார்கள். அந்த வேலையை இடக்கையால் செய்தவர்களில் மிக அதிக வெற்றிகள் பெற்றவர் வாரன் ஸ்பான். 1942-இல் தொடங்கி 1965 வரை விளையாடி, 363 ஆட்டங்களை வென்றார். அதில் பெரும்பகுதி பிரேவ்ஸ் அணிக்காக, முதலில் பாஸ்டனில், 1953 முதல் மில்வாக்கியில்.

இந்த எண்ணைவிட என்னை அவரிடம் இழுத்தது வேறு ஒன்று. முதல் வெற்றி கிடைத்தபோது அவருக்கு வயது 25. நடுவில் மூன்று பருவங்களை உலகப்போர் எடுத்துக்கொண்டது. அவ்வளவு தாமதமாகத் தொடங்கியவர் 44 வயது வரை பிட்ச்சர் நின்று எறியும் மேட்டில் நின்றார். அது எப்படி முடிந்தது என்பதைத்தான் இந்தப் பக்கம் முழுக்கச் சொல்லப் பார்க்கிறேன்.

அணி ஜெயித்தால் அது எப்படி ஒருவர் பெயரில் வெற்றியாகும்?

கிரிக்கெட் பார்த்து வளர்ந்த எல்லோரும் கேட்கும் கேள்வி இது. பேஸ்பாலில் ஒவ்வோர் ஆட்டத்தின் வெற்றியும் தோல்வியும் ஒரு பிட்ச்சரின் கணக்கில் எழுதப்படும். பேஸ்பாலில் ஓர் ஆட்டம் 9 இன்னிங்ஸ், சமநிலையில் இருந்தால் இன்னும் நீளும். ஆட்டத்தைத் தொடங்கும் பிட்ச்சர் குறைந்தது 5 இன்னிங்ஸ் வீசியிருக்க வேண்டும். அவர் வெளியேறும்போது அவருடைய அணி முன்னிலையில் இருக்க வேண்டும். அந்த முன்னிலை கடைசி வரை கைவிட்டுப் போகக் கூடாது. அப்போது வெற்றி அவருக்கு.

பிரமாதமாக வீசியும் தன் அணி ஓட்டம் எடுக்காததால் தோற்றவர்கள் உண்டு. ஸ்பானுக்கே அது நடந்தது. 1952 ஜூன் 14-ஆம் தேதி சிகாகோ கப்ஸ் அணிக்கு எதிராக 15 இன்னிங்ஸ் வீசி 18 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தார், அதாவது பந்தை அடிக்கவிடாமலே வெளியேற்றினார். தன் அணியின் ஒரே ஓட்டத்தையும் அவரே ஹோம் ரன் (கிரிக்கெட் சிக்ஸர் போலப் பந்தை மைதானத்துக்கு வெளியே அடிப்பது) அடித்து எடுத்தார். அப்படியும் 3-1 என்று தோல்வி. அந்த ஆண்டு முடிவில் அவர் கணக்கில் 14 வெற்றி, 19 தோல்வி. அவர் மோசமாக வீசினார் என்று அந்த எண்களைப் பார்த்து நினைத்தால் தவறு.

363 அவ்வளவு பெரிய எண்ணா?

ஒரு பருவத்தில் 20 வெற்றி என்பது பிட்ச்சர்களின் கனவு. வாழ்நாளில் ஒருமுறை தொட்டாலே பேசுவார்கள். ஸ்பான் 13 பருவங்களில் தொட்டார், அதில் 1956 முதல் 1961 வரை ஆறு ஆண்டுகள் விடாமல். பெரிய லீகுகள் இரண்டில் ஒன்றான நேஷனல் லீகில் அதிக வெற்றி என்ற இடம் எட்டு முறை அவருக்குக் கிடைத்தது. எல்லாக் காலத்துக்குமான பட்டியலில் அவருக்கு மேலே இருப்பவர்கள் சை யங், வால்டர் ஜான்சன் போன்ற பழைய காலத்தவர்கள். 1920-க்குப் பிறகு வந்தவர்களில் யாரும் 363-ஐ எட்டவில்லை.

சிறு வயதிலேயே பிட்ச்சராக வளர்ந்தவரா?

இல்லை. 1921 ஏப்ரல் 23 அன்று நியூயார்க் மாநிலத்தின் பஃபலோ நகரில் பிறந்தார். அப்பா எட்வர்ட், சுவரில் ஒட்டும் அலங்காரத் தாள் விற்பவர். உள்ளூர் அணிகளில் பேஸ்பால் ஆடியவர். மகனுக்கு எறிமுறையைக் கற்றுத்தந்ததும் அவர்தான். கையை மட்டும் நம்பாதே, உடம்பு முழுவதையும் பந்துக்குப் பின்னால் கொண்டு வா என்பது அந்தப் பாடத்தின் சாரம். நாற்பது வயதைத் தாண்டியும் ஸ்பானின் தோள் தாங்கியதற்கு வேர் இங்கே இருக்கிறது என்றே நினைக்கிறேன்.

பையனுக்கு முதலில் பிடித்த இடம் முதல் பேஸ், ஓட்டக்காரர் தொட வேண்டிய பேஸ்களில் முதலாவதைக் காக்கும் இடம். உயர்நிலைப் பள்ளி அணியில் அந்த இடத்துக்கு ஏற்கெனவே ஒருவர் இருந்தார். சரி, பந்தெறிகிறேன் என்று மாறிக்கொண்டார். 1940-இல் பாஸ்டன் பிரேவ்ஸ் அவரை ஒப்பந்தம் செய்து, பெரிய லீகுக்கு வீரர்களைத் தயார்செய்யும் சிறு லீகுக்கு அனுப்பியது.

மேனேஜர் அவரை "தைரியமில்லாதவன்" என்று விரட்டியது உண்மையா?

உண்மை. 1942-இல் பிரேவ்ஸ் மேனேஜர் கேசி ஸ்டெங்கல். புரூக்ளின் டாட்ஜர்ஸ் ஆட்டக்காரர் பீ வீ ரீஸ் மீது பந்தை எறிந்து அடிக்கச் சொல்லி 21 வயது ஸ்பானுக்கு உத்தரவு போட்டார். ஸ்பான் உள்பக்கமாக நெருக்கி எறிந்தார், ஆனால் ரீஸ் மேல் பந்து படவில்லை. இவனுக்குத் துணிச்சல் போதாது என்று முடிவுகட்டி ஸ்டெங்கல் அவரை ஹார்ட்ஃபோர்ட் சிறு லீக் அணிக்குத் திருப்பி அனுப்பிவிட்டார். அங்கே ஸ்பான் 17 ஆட்டங்களை வென்றார்.

அடுத்த மூன்றாண்டுகளில் அந்தப் பையன் போர்முனைக்குப் போய்க் காயப்பட்டுத் திரும்பினான். தான் செய்ததிலேயே பெரிய தவறு அதுதான் என்று ஸ்டெங்கல் பின்னாளில் வெளிப்படையாகவே சொன்னார்.

போருக்குப் போகும் முன், 1942 பருவத்தின் கடைசியில் ஸ்பான் மறுபடி மேலே அழைக்கப்பட்டார். அப்போது நடந்த ஒரு விசித்திரமும் சொல்லத் தக்கது. செப்டம்பர் 26, நியூயார்க்கின் போலோ கிரவுண்ட்ஸ் மைதானம். போருக்காகப் பழைய இரும்பு சேகரிக்கும் இயக்கம் நடந்துகொண்டிருந்ததால், இரும்பு கொண்டுவரும் சிறுவர்களுக்கு அனுமதி இலவசம். பிரேவ்ஸ் 5-2 என்று தோற்றுக்கொண்டிருந்தபோது அந்தச் சிறுவர்கள் கூட்டமாக மைதானத்துக்குள் இறங்கி ஓடினார்கள். ஆட்டத்தை நடத்த முடியவில்லை. சொந்த மைதான அணியான நியூயார்க் ஜெயன்ட்ஸ் தோற்றதாக அறிவிக்கப்பட்டது. ஸ்பான் முழு ஆட்டம் வீசியதாகப் பதிவானது. ஆனால் வெற்றியும் இல்லை, தோல்வியும் இல்லை. ஒரு வெற்றிகூட இல்லாமல்தான் அவர் ராணுவத்துக்குப் போனார்.

போரில் என்ன செய்தார்?

பல பேஸ்பால் வீரர்கள் ராணுவ முகாம் அணிகளில் ஆடிப் படைவீரர்களை மகிழ்வித்தார்கள். அதுவும் ஒரு பணிதான். ஸ்பான் போனது வேறு வழி. 276-ஆவது பொறியியல் போர்ப் படைப்பிரிவில் சேர்ந்து ஐரோப்பா சென்றார். பாலம் கட்டுவது, சாலை போடுவது, குண்டு விழும் இடத்தில் அதையே மறுபடி செய்வது. 1944-45 குளிர்காலத்தில் ஜெர்மானியப் படையின் பெரிய எதிர்த்தாக்குதலான பல்ஜ் சண்டையில் இருந்தார்.

1945 மார்ச்சில் ஜெர்மனியின் ரெமாகன் ஊரில், ரைன் நதியின் மேல் இருந்த லூடன்டார்ஃப் பாலத்தை அமெரிக்கப் படை கைப்பற்றியது. ஏற்கெனவே அடிவாங்கிய அந்தப் பாலத்தைத் தாங்கி நிறுத்தும் வேலையில் ஸ்பானின் பிரிவும் இருந்தது. அங்கே குண்டுச் சிதறல் அவர் காலில் பாய்ந்தது. மார்ச் 17-ஆம் தேதி பாலம் அப்படியே சரிந்து விழுந்தது. வேலை செய்துகொண்டிருந்த வீரர்கள் பலர் இறந்தார்கள். சற்று முன்புவரை அதன் மேல்தான் ஸ்பானும் இருந்தார்.

காயத்துக்கான பர்ப்பிள் ஹார்ட் பதக்கம் கிடைத்தது. களத்திலேயே அதிகாரியாகப் பதவி உயர்வும் கிடைத்தது. ஆனால் அதிகாரி ஆனதால் பணிக்காலம் நீண்டது. 1946 பருவம் தொடங்கிய பிறகுதான் அணிக்குத் திரும்ப முடிந்தது. முதல் வெற்றி அந்த ஜூலையில் வந்தது.

போர் இல்லாவிட்டால் 400 வெற்றி பெற்றிருப்பாரா?

ரசிகர்கள் இன்றும் போடும் கணக்கு இது. மூன்று பருவங்கள், பருவத்துக்குப் பன்னிரண்டு பதின்மூன்று வெற்றி என்று கூட்டினாலே 400 வந்துவிடும். ஸ்பான் இந்தக் கணக்கை ஏற்கவில்லை. அந்த மூன்று ஆண்டுகள் தன்னைப் பக்குவப்படுத்தின என்றார். 22 வயதில் இருந்ததைவிட 25 வயதில் பெரிய லீக் பேட்டர்களைச் சந்திக்கத் தான் தயாராக இருந்ததாகவும், அந்த இடைவெளி இல்லாவிட்டால் 44 வரை வீசியிருக்க முடியாமல் போயிருக்கலாம் என்றும் சொன்னார்.

எனக்கு அவர் சொல்வதில் நியாயம் தெரிகிறது. இருபதுகளின் தொடக்கத்தில் அளவுக்கு மீறி வீசி, முப்பதுக்குள் கை போனவர்கள் அந்தக் காலத்தில் ஏராளம்.

"ஸ்பான், செய்ன், அப்புறம் மழை" என்று ஒரு வாசகம் சொல்கிறார்களே?

1948-இல் பாஸ்டன் பிரேவ்ஸ், 1914-க்குப் பிறகு முதன்முறையாக நேஷனல் லீக் பட்டத்தை நெருங்கியது. அணியில் நம்பத்தக்க பிட்ச்சர்கள் இருவர்: இடக்கையர் ஸ்பான், வலக்கையர் ஜானி செய்ன். பாஸ்டன் போஸ்ட் நாளிதழில் ஜெரால்ட் ஹெர்ன் ஒரு சிறு பாடல் எழுதினார். முதல் நாள் ஸ்பான், மறுநாள் செய்ன், பிறகு இருவருக்கும் ஓய்வு கிடைக்க மழை வரட்டும் என்பது அதன் பொருள். அது ஊர் வாயில் ஒட்டிக்கொண்டது.

அந்த ஆண்டு உண்மையில் அணியைச் சுமந்தவர் 24 வெற்றி பெற்ற செய்ன். ஸ்பானுக்கு 15 வெற்றி, 12 தோல்வி மட்டுமே. வாசகத்தில் அவர் பெயர் முதலில் வந்ததால் பலர் இதைக் கவனிப்பதில்லை. லீக் பட்டம் கிடைத்தது. இரண்டு லீக் சாம்பியன்களும் மோதும் வேர்ல்ட் சீரிஸில் கிளீவ்லண்ட் 4-2 என்று வென்றது.

படங்களில் வலது கால் தலைக்கு மேல் போகிறதே, அது எதற்கு?

அழகுக்காக அல்ல. ஸ்பான் எறியத் தொடங்கும்போது வலது காலை மடக்கி முகத்துக்கும் மேலே தூக்குவார்; உடம்பு பின்னால் சாயும்; பந்து பிடித்த இடக்கை உடம்புக்குப் பின்னால் மறைந்திருக்கும். பேட்டர் பார்ப்பது ஷூவையும் கையுறையையும்தான். பந்து வெளிவரும் நொடி வரை அது கண்ணில் படாது. எந்த வகைப் பந்து என்று ஊகிக்க மிச்சமிருக்கும் நேரம் மிகக் குறைவு.

எல்லாப் பந்துக்கும் அதே அசைவு. வேகப்பந்தோ வளைபந்தோ, கால் தூக்குவதில் இம்மி மாற்றம் இருக்காது. இன்னொரு பலனும் உண்டு. இடக்கை பிட்ச்சருக்கு முதல் பேஸ் நேர் எதிரே தெரியும். ஸ்பான் காலைத் தூக்கி, பேட்டருக்கு எறிவதுபோலவே போக்குக் காட்டி, முதல் பேஸுக்குத் திருப்பி எறிந்து ஓட்டக்காரர்களைப் பிடித்துவிடுவார். அவர் மேட்டில் இருக்கும்போது பேஸை விட்டு நகரவே பயந்தார்கள்.

வேகம் குறைந்த பிறகும் எப்படித் தாக்குப்பிடித்தார்?

ஸ்பானின் வாழ்க்கையில் நான் அதிகம் ரசிக்கும் பகுதி இது. 1949 முதல் 1952 வரை நான்கு ஆண்டுகள் தொடர்ந்து லீகிலேயே அதிக ஸ்ட்ரைக் அவுட் எடுத்தவர் அவர். அப்போது வேகம் இருந்தது. பிறகு அது மெல்ல வடியத் தொடங்கியது, முழங்காலும் தொல்லை கொடுத்தது. அந்தக் கட்டத்தில் அநேகர் இன்னும் வேகமாக எறியப் பார்த்துக் காயமடைவார்கள். ஸ்பான் ஸ்க்ரூபாலைக் கற்றார். வழக்கமான வளைபந்துக்கு எதிர்ப்புறமாக, வலக்கை பேட்டரை விட்டு விலகிப்போகும் பந்து அது. பிறகு கடைசியில் பக்கவாட்டில் விலகும் ஸ்லைடர் பந்தையும் சேர்த்துக்கொண்டார்.

அவர் சொன்ன ஒரு வரி பேஸ்பால் உலகில் எல்லோருக்கும் தெரியும்: அடிப்பது என்பது நேரம் பார்ப்பது, எறிவது என்பது அந்த நேரத்தைக் குலைப்பது. பேட்டர் மட்டையைச் சுழற்றும் கணத்தில் பந்து அங்கே இருக்கக் கூடாது. கொஞ்சம் முன்னால் போயிருக்க வேண்டும், அல்லது இன்னும் வந்துசேரக் கூடாது.

இன்னொன்றும் சொல்வார். பேட்டர் பக்கத்தில் நிற்கும் தட்டான ஹோம் பிளேட்டின் அகலம் 17 அங்குலம். நடுவில் உள்ள 12 அங்குலத்தை நான் மறந்துவிடுவேன், இரு ஓரத்திலும் உள்ள இரண்டரை அங்குலத்துக்குத்தான் எறிவேன் என்பார். 60 அடி ஆறு அங்குலத் தொலைவிலிருந்து இரண்டரை அங்குலத்தைக் குறிவைப்பதை நினைத்துப் பாருங்கள்.

பலன் எண்களில் இருக்கிறது. ஒன்பது இன்னிங்ஸுக்குச் சராசரியாகக் கொடுத்த ஓட்டத்தை ஈஆர்ஏ என்பார்கள். அதில் லீகிலேயே குறைவான எண் 1947, 1953, 1961 ஆகிய மூன்று ஆண்டுகளில் ஸ்பானுடையது. ஒரே ஆள், வெவ்வேறு மூன்று பத்தாண்டுகள். எறிந்த பந்துகள் மட்டும் மாறியிருந்தன.

மில்வாக்கிக்கு ஏன் போனார்?

அணியே போனது. பாஸ்டனில் இன்னோர் அணியான ரெட் சாக்ஸுக்குத்தான் கூட்டம். 1952-இல் பிரேவ்ஸ் மைதானத்துக்கு வந்தவர்கள் ஆண்டு முழுவதும் சேர்த்து மூன்று லட்சத்தைக்கூட எட்டவில்லை. 1953-இல் மில்வாக்கிக்கு மாறியதும் 18 லட்சம் பேர் வந்தார்கள்.

அந்த ஆண்டு சம்பளத்துக்குப் பதிலாக டிக்கெட் ஒன்றுக்கு 10 சென்ட் வாங்கிக்கொள்கிறாயா என்று உரிமையாளர் லூ பெரினி கேட்டதாகவும், முந்தைய ஆண்டுக் கூட்டத்தை நினைத்து ஸ்பான் நிலையான சம்பளமே போதும் என்று சொன்னதாகவும் ஒரு கதை பரவலாகச் சொல்லப்படுகிறது. ஒப்புக்கொண்டிருந்தால் பல மடங்கு கிடைத்திருக்கும். ஆட்டத்தில் மட்டும் குறையே இல்லை: 23 வெற்றி, 7 தோல்வி.

வேர்ல்ட் சீரிஸ் வென்றாரா?

ஒருமுறை. 1957-இல் நியூயார்க் யாங்கீஸை மில்வாக்கி 4-3 என்று வீழ்த்தியது. ஸ்பான் நான்காவது ஆட்டத்தில் 10 இன்னிங்ஸ் வீசி வென்றார். ஏழாவது ஆட்டத்துக்கு அவர்தான் வர வேண்டியது, காய்ச்சலில் படுத்துவிட்டார். நண்பர் லூ பர்டெட் அந்த இடத்தில் இறங்கி, தொடரில் தன் மூன்றாவது வெற்றியைப் பெற்றார். சிறந்த பிட்ச்சருக்கான சை யங் விருது அந்த ஆண்டு ஸ்பானுக்கு. அப்போது இரண்டு லீகுக்கும் சேர்த்து ஒரே விருதுதான்.

1958-இல் மறுபடி அதே யாங்கீஸ். ஸ்பான் இரண்டு ஆட்டங்களை வென்று தந்தார், ஒன்று இரண்டே ஹிட் (பேட்டர் பந்தை அடித்துப் பேஸை அடைவது) விட்டுக்கொடுத்த ஷட்-அவுட், அதாவது எதிரணிக்கு ஓட்டமே கொடுக்காத ஆட்டம். அணி 3-1 என்று முன்னால் இருந்து, பிறகு மூன்றையும் தோற்றது. யாங்கீஸின் மேனேஜர் யார் தெரியுமா? கேசி ஸ்டெங்கல்.

நோ-ஹிட்டர் எத்தனை?

எதிரணிக்கு ஒரு ஹிட்கூடக் கொடுக்காமல் முழு ஆட்டம் வீசுவது நோ-ஹிட்டர். ஸ்பான் இரண்டு வீசினார், இரண்டும் பிட்ச்சர்கள் வீட்டில் இருக்க வேண்டிய வயதில். 1960 செப்டம்பர் 16, பிலடெல்ஃபியாவுக்கு எதிராக, 39 வயது, 15 ஸ்ட்ரைக் அவுட். 1961 ஏப்ரல் 28, சான் ஃபிரான்சிஸ்கோ ஜெயன்ட்ஸுக்கு (முன்பு நியூயார்க்கில் இருந்த அதே அணி) எதிராக, 40 முடிந்து ஐந்தாம் நாள். அதே ஆகஸ்டில் 300-ஆவது வெற்றி.

1963 ஜூலை 2 ஆட்டத்தைப் பற்றி ஏன் இன்னும் பேசுகிறார்கள்?

ஒரு பக்கம் 42 வயது ஸ்பான். எதிரே ஜெயன்ட்ஸின் ஹுவான் மரிச்சால், டொமினிகன் குடியரசிலிருந்து வந்த 25 வயது வலக்கையர், அவரும் காலை உயரத் தூக்கி எறிபவர். இடம் சான் ஃபிரான்சிஸ்கோவின் கேண்டில்ஸ்டிக் பார்க், குளிர்காற்று வீசும் இரவு. களத்தில் பின்னாளில், பேஸ்பாலின் தலைசிறந்தவர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் இடம்பெற்றவர்கள் மட்டும் ஏழு பேர்: இந்த இருவர், வில்லி மேஸ், வில்லி மெக்கோவி, ஆர்லாண்டோ செப்பேடா, ஹாங்க் ஆரன், எடி மேத்யூஸ்.

ஒன்பது இன்னிங்ஸ் முடிந்தது. 0-0. பத்து, பதினொன்று, பன்னிரண்டு. இருவரும் இறங்கவில்லை. மரிச்சாலை மாற்ற மேனேஜர் ஆல்வின் டார்க் யோசித்தார். மேட்டில் நிற்கும் அந்த மனிதருக்கு 42 வயது, எனக்கு 25, அவர் நிற்கும்வரை நானும் நிற்பேன் என்று மரிச்சால் மறுத்துவிட்டார். இடையில் ஸ்பான் மட்டை பிடித்து, சுவரில் மோதும்படி ஒரு டபிளும் (இரண்டாவது பேஸ் வரை ஓடவைக்கும் அடி) அடித்திருந்தார்.

பதினாறாவது இன்னிங்ஸின் பின்பாதி. ஒரு அவுட். ஸ்பான் எறிந்த ஸ்க்ரூபால் நினைத்தபடி திரும்பவில்லை. வில்லி மேஸ் அதை இடப்பக்கச் சுவருக்கு வெளியே அடித்தார். 1-0. ஆட்டம் முடிந்தது. மரிச்சால் எறிந்த பந்துகள் 227, ஸ்பான் எறிந்தவை 201. இன்று ஒரு பிட்ச்சர் 100 பந்தைத் தொட்டாலே அடுத்தவர் தயாராகத் தொடங்கிவிடுவார்.

தோற்றவர் பெயரையும் வென்றவர் பெயரையும் சேர்த்தே சொல்லும் ஆட்டங்கள் சிலதான் உண்டு. இது அதில் ஒன்று. அந்த ஆண்டு முடிவில் ஸ்பானின் கணக்கு 23 வெற்றி, 7 தோல்வி. பத்து ஆண்டுகளுக்கு முன் 1953-இல் இருந்த அதே எண்கள்.

வில்லி மேஸுக்கும் அவருக்கும் வேறு கதையும் உண்டாமே?

1951 மே மாதம். மேஸ் பெரிய லீகுக்கு வந்த புதிது. முதல் 12 வாய்ப்புகளில் ஒரு ஹிட்கூட இல்லை. மே 28 அன்று போலோ கிரவுண்ட்ஸில் ஸ்பானைச் சந்தித்தார். பந்து மைதானக் கூரையைத் தாண்டியது. மேஸின் முதல் ஹிட், முதல் ஹோம் ரன். அன்று அவரை ஸ்ட்ரைக் அவுட் செய்திருந்தால் இந்த ஆளிடமிருந்து எல்லோருக்கும் விடுதலை கிடைத்திருக்கும், என்னை நானே மன்னிக்க மாட்டேன் என்று ஸ்பான் சிரித்துக்கொண்டே சொல்வார். மேஸ் அடித்த 660 ஹோம் ரன்களில் 18 ஸ்பானிடமிருந்து வந்தவை. வேறு எந்த பிட்ச்சரிடமும் அவர் இத்தனை அடிக்கவில்லை.

பேட்டிங் செய்வாரா?

நன்றாகவே. 35 ஹோம் ரன். வாழ்நாளில் எடுத்த ஹிட்கள் 363. வெற்றிகளும் ஹிட்களும் ஒரே எண்ணாக அமைந்தது தற்செயல்தான், ஆனால் பார்க்க இனிமையானது.

எப்படி முடிந்தது?

1964-இல் கை தளர்ந்தது: 6 வெற்றி, 13 தோல்வி. பிரேவ்ஸ் அவரை நியூயார்க் மெட்ஸுக்குக் கொடுத்துவிட்டது. அங்கே மேனேஜர் மறுபடியும் ஸ்டெங்கல். யாங்கீஸில் பட்டமாகக் குவித்து மேதை என்று பெயர் வாங்கியவர், இப்போது லீகின் கடைசி அணியில். ஸ்டெங்கல் மேதையாவதற்கு முன்பும் பின்பும் அவரிடம் ஆடியவன் நான் ஒருவன்தான் என்றார் ஸ்பான். 1965 நடுவில் மெட்ஸும் விடுவித்தது. கடைசி மாதங்களை ஜெயன்ட்ஸில் கழித்தார், மேஸும் மரிச்சாலும் இருந்த அதே அணியில். பெரிய லீக் அத்துடன் முடிந்தது.

ஸ்பான் ஹால் ஆஃப் ஃபேமுக்கு வரவே மாட்டார், ஏனென்றால் எறிவதை நிறுத்தவே மாட்டார் என்று அந்தக் காலத்தின் பெரிய பேட்டர் ஸ்டான் மியூசியல் சொன்னதுண்டு. உண்மையிலேயே அதற்குப் பிறகும் மெக்சிகோவிலும் சிறு லீகிலும் சில ஆட்டங்கள் வீசினார். 1973-இல் ஹால் ஆஃப் ஃபேம் அவரை முதல் வாக்கெடுப்பிலேயே எடுத்துக்கொண்டது. 2003 நவம்பர் 24 அன்று ஓக்லஹோமாவில் இறந்தார், வயது 82.

இடக்கையர்களில் அவர்தான் தலைசிறந்தவரா? சாண்டி கோஃபேக்ஸ்?

நான்கைந்து ஆண்டுகளின் உச்சத்தை மட்டும் பார்த்தால், டாட்ஜர்ஸின் இடக்கை பிட்ச்சர் கோஃபேக்ஸ். அதில் வாதமே இல்லை. ஆனால் முழங்கை வலியால் 30 வயதில் ஓய்வுபெற்றபோது அவருக்கு 165 வெற்றி. ஸ்பான் 30 வயதுக்குப் பிறகு பெற்ற வெற்றிகள் மட்டும் அதைவிட அதிகம். ஒரே ஓர் ஆட்டத்துக்கு யார் வேண்டும் என்று கேட்டால் கோஃபேக்ஸைச் சொல்வேன். இருபது ஆண்டுகளுக்கு யார் வேண்டும் என்றால் தயங்காமல் ஸ்பான்.

363-ஐ இனி ஓர் இடக்கையர் தாண்டுவாரா?

மாட்டார் என்றே நினைக்கிறேன். இரண்டாம் இடத்தில் உள்ள ஸ்டீவ் கார்ல்டன் 329-இல் நின்றார். நம் காலத்தின் மிகச் சிறந்த இடக்கையர் கிளேட்டன் கெர்ஷா 220-ஐச் சற்றே தாண்டினார். இன்று ஐந்து பேர் முறைவைத்து வீசுகிறார்கள். ஐந்தாறு இன்னிங்ஸில் வெளியேறுகிறார்கள். வெற்றி பலநேரம் வேறொருவர் கணக்கில் போகிறது. ஸ்பான் தொடங்கிய 665 ஆட்டங்களில் 382-ஐத் தானே முடித்தார். சமீப ஆண்டுகளில் இரண்டு லீகின் எல்லா பிட்ச்சர்களும் சேர்ந்துகூட ஒரு பருவத்தில் ஐம்பது முழு ஆட்டம் வீசுவதில்லை. 1999 முதல் ஒவ்வோர் ஆண்டும் சிறந்த இடக்கை பிட்ச்சருக்கு ஓக்லஹோமாவிலிருந்து ஒரு விருது கொடுக்கிறார்கள். அதன் பெயர் வாரன் ஸ்பான் விருது. கெர்ஷா அதைப் பலமுறை வாங்கியிருக்கிறார்.